லெஃப்டினன்ட் டெய்ட் அடித்த பந்து

தியாகதுருகம் மலைக்கோட்டை பற்றி வைத்திருந்த குறிப்புகளை ஒழுங்குபடுத்தலாம் என்று உட்கார்ந்தேன். ஒரு ரெஜிமென்ட்டின் பெயரைப் பிடித்துக்கொண்டு போனதில், ஸ்காட்லாந்தில் ஒரு கோல்ஃப் மைதானத்தில் போய் நின்றேன். எப்படி என்று சொல்கிறேன். கொஞ்சம் சுற்றுவழிதான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சேலம் - உளுந்தூர்பேட்டை சாலையில் போகிறவர்களுக்கு எங்கள் ஊர் மலையைத் தெரிந்திருக்கும். அதன் மேல் இருக்கும் கோட்டையை ஆங்கிலேயர்கள் தங்கள் ஆவணங்களில் 'தியாகர்' என்று எழுதினார்கள். 1790 கடைசியில் திப்பு சுல்தான் கர்நாடகப் பகுதிக்குள் இறங்கியபோது திருச்சிப் பக்கம் போய்விட்டு இந்தக் கோட்டைக்கு வந்தார். உள்ளே இருந்தவர் கேப்டன் ஃபிளின்ட். பத்து வருஷத்துக்கு முன்னால் வந்தவாசிக் கோட்டையை ஹைதர் அலிக்கு விடாமல் வைத்திருந்தாரே, அதே ஆள். திப்புவின் தாக்குதல்களைத் தாக்குப்பிடித்தார். திப்பு இதை விட்டுவிட்டுத் திருவண்ணாமலைப் பக்கம் நகர்ந்தார்.

இதேபோல் திப்புவின் முற்றுகையில் கோட்டைக்குள் அடைந்து கிடந்த வேறு படைகள் எவை என்று தேடினேன். பெரிய உதாரணம் மங்களூர். 1783 மே மாதம் தொடங்கி 1784 ஜனவரி வரை அந்தக் கோட்டையை வைத்திருந்தவர் கர்னல் ஜான் கேம்ப்பெல். அவரிடம் இருந்த படைகளில் ஒன்று 42ஆவது ஹைலாண்டர் ரெஜிமென்ட்டின் இரண்டாம் பட்டாலியன். பட்டினியும் வியாதியும் தின்றது போக மிச்சமிருந்தவர்கள் மரியாதையோடு வெளியேறினார்கள். கேம்ப்பெல் சில வாரங்களிலேயே இறந்துபோனார். அந்த பட்டாலியன் 1786இல் 73ஆவது ரெஜிமென்ட் என்று தனி எண் பெற்றது, 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்புவின் கடைசிப் போரிலும் இருந்தது. 1881இல் பிரிட்டிஷ் ராணுவத்தைச் சீரமைத்தபோது பழையபடி 42ஆவதோடு சேர்ந்து 'பிளாக் வாட்ச்' ரெஜிமென்ட்டின் இரண்டாம் பட்டாலியன் ஆனது.

அந்த இரண்டாம் பட்டாலியன் பின்னாளில் என்ன ஆயிற்று என்று பார்க்கப் போன இடத்தில்தான் லெஃப்டினன்ட் எஃப்.ஜி. டெய்ட் என்ற பெயர் வந்தது. 1900 பிப்ரவரியில் தென்னாப்பிரிக்காவில் செத்தவர், வயது 30. பிரிட்டனின் அமெச்சூர் கோல்ஃப் சாம்பியன், இரண்டு தடவை.

டெய்ட் என்றதும் எனக்குக் கோல்ஃப் ஞாபகம் வரவில்லை, குவாட்டர்னியன்தான் ஞாபகம் வந்தது. சாஃப்ட்வேர் ஆட்களில் கிராஃபிக்ஸ், டிரோன், போன் சென்சார் பக்கம் வேலை செய்தவர்களுக்குத் தெரிந்திருக்கும். முப்பரிமாணத்தில் ஒரு பொருளைத் திருப்ப வேண்டுமென்றால் நான்கு எண்களை வைத்துப் போடும் கணக்கு அது. ஹாமில்டன் கண்டுபிடித்தார். அவருக்குப் பிறகு அதைத் தூக்கிப் பிடித்துச் சண்டை போட்டவர் எடின்பரோ பல்கலைக்கழகத்தின் இயற்பியல் பேராசிரியர் பீட்டர் கத்ரி டெய்ட். 1867இல் அதற்குப் பாடப்புத்தகமே எழுதினார். கெல்வினோடு சேர்ந்து இயற்பியலுக்கு ஒரு பெரும் நூல், மாக்ஸ்வெல்லுக்குப் பள்ளிக்கூட நாளிலிருந்து நண்பர், முடிச்சுகளின் கணிதத்துக்கு முன்னோடி. அந்த எஃப்.ஜி. டெய்ட், அதாவது ஃப்ரெடரிக் கத்ரி டெய்ட், ஊரெல்லாம் ஃப்ரெடி என்று கூப்பிட்ட ஆள், இவருடைய மகன்.

அதற்குமேல் விட முடியுமா? கோட்டைக் குறிப்புகளை ஓரமாக வைத்துவிட்டு இந்தக் குடும்பத்தைப் படிக்க ஆரம்பித்தேன்.

நம்ம பக்கம் கோல்ஃப் என்றால் மலைவாசஸ்தலத்து விஷயம். ஊட்டி, வெலிங்டன், கொடைக்கானல் என்று வெள்ளைக்காரர்கள் குளிர்தேடிப் போன இடங்களில் மைதானம் இருக்கும். கொடைக்கானல் கோல்ஃப் கிளப் ஆரம்பித்தது 1895இல், அதாவது ஃப்ரெடி உச்சத்தில் ஆடிக்கொண்டிருந்த காலம். ஸ்காட்லாந்தில் அப்படியில்லை. செயின்ட் ஆண்ட்ரூஸில் மைதானம் ஊரின் பொதுநிலம். கடலோர மணல்மேட்டில் பேராசிரியரும் ஆடுவார், கொத்தனாரும் ஆடுவார். சேர்ந்து ஆடுவார்களா என்பது வேறு கேள்வி. அதற்கு அப்புறம் வருகிறேன்.

அப்பா டெய்ட்டுக்குக் கோல்ஃப் பைத்தியம். கோடை விடுமுறை முழுக்கக் குடும்பத்தோடு செயின்ட் ஆண்ட்ரூஸில் டேரா. ஒரே நாளில் ஐந்து சுற்று ஆடிய நாளெல்லாம் உண்டு. ஒரு சுற்று என்றால் 18 குழி, சில மைல் நடை. ராத்திரியிலும் ஆட வேண்டுமென்று பந்தில் பாஸ்பரஸ் தடவிப் பார்த்திருக்கிறார். டார்வினுக்காக வாதாடிய டி.எச். ஹக்ஸ்லியும் அந்த ஆட்டத்தில் உண்டு. கூட ஆடிய ஒரு வேதியியல் பேராசிரியரின் கையுறை பற்றிக்கொண்டதோடு அந்த யோசனை முடிந்தது. வேதியியல்காரருக்கே அந்த கதி என்பதைக் கவனிக்கவும்.

ஃப்ரெடி 1870 ஜனவரி 11இல் பிறந்தவர். மணல்மேட்டிலேயே வளர்ந்த பையன். படிப்பில் சுமார். சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரி வழியாக 1890இல் லெய்ன்ஸ்டர் ரெஜிமென்ட்டில் அதிகாரியானார், 1894இல் பிளாக் வாட்ச்சுக்கு மாறினார். முழுநேரத் தொழில் பட்டாளம்தான், கோல்ஃப் விருப்பத்துக்கு ஆடுவது. ஆனால் சண்டை இல்லாத அந்த ஆண்டுகளில் ஒரு பிரிட்டிஷ் அதிகாரிக்கு லீவு எவ்வளவு தாராளமாகக் கிடைத்தது என்பதைப் பார்த்தால் எது தொழில், எது பொழுதுபோக்கு என்று சந்தேகம் வரும். அதிகாரியின் சம்பளம் மெஸ் செலவுக்கே பத்தாது, வீட்டிலிருந்து காசு வர வேண்டும். அதிகாரி வேலையே ஒரு வகையில் வசதியானவர்களுக்கான ஏற்பாடு.

இனி, எனக்கு இந்தக் கதையில் ரொம்பப் பிடித்த இடம்.

கோல்ஃப் பந்து ஏன் அவ்வளவு தூரம் போகிறது என்று அப்பா மண்டையை உடைத்துக்கொண்டிருந்தார். அன்றைய பந்து கட்டபார்ச்சாவில் செய்தது. மலாய்க் காடுகளில் ஒரு மரத்துப் பாலைக் காயவைத்து எடுப்பது, கடலடித் தந்திக் கம்பிக்கு உறை போடவும் அதுதான். பந்தின் எடை, வேகம், காற்றின் தடை மூன்றையும் வைத்துக் கணக்குப் போட்டால், நல்ல அடி ஒன்று சுமார் 190 கெஜத்துக்கு மேல் அந்தரத்தில் போகக் கூடாது. இன்னொரு இடக்கு நேரம். நிஜத்தில் பந்து காற்றில் ஆறு விநாடியை ஒட்டி இருக்கிறது. வெறும் புவியீர்ப்பும் காற்றுத் தடையும்தான் என்றால் அவ்வளவு நேரம் அது மேலே நிற்க வழியே இல்லை. ஏதோ ஒன்று அதைத் தாங்கிப் பிடிக்கிறது.

அந்த ஏதோ ஒன்று, பின்சுழற்சி. கிரிக்கெட் பார்க்கிறவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. டாப் ஸ்பின் போட்டால் பந்து எதிர்பார்த்ததற்கு முன்பே குத்தி இறங்கும். அதையே தலைகீழாக நினைத்துக்கொள்ளுங்கள். பந்தின் மேல்பக்கம் அடித்தவனை நோக்கிச் சுழன்றால், பந்துக்கு மேலே காற்று வேகமாக ஓடும், கீழே மெதுவாக ஓடும். பந்து மேல்நோக்கித் தள்ளப்படும். டென்னிஸ் பந்து வளைவதை நியூட்டனே கவனித்து எழுதியிருக்கிறார். ஆனால் கோல்ஃப் ஆடுகிறவர்கள் சுழற்சி என்றாலே கெட்ட அடியின் அடையாளம் என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். நல்ல அடிக்குக் காரணமே அதுதான் என்று சொன்னவர் டெய்ட்.

சொன்னால் போதுமா, அளக்க வேண்டும். அதிவேகக் கேமரா இல்லாத காலம். பல்கலைக்கழகக் கட்டடத்தின் அடித்தளத்தில் களிமண்ணைப் பெரிய ஊசல்போலத் தொங்கவிட்டார்கள். ஃப்ரெடி அதில் பந்தை அடிப்பார், பந்து களிமண்ணில் புதையும், ஊசல் எவ்வளவு ஆடுகிறது என்று பார்த்தால் பந்தின் வேகம் கிடைத்துவிடும். சுழற்சிக்கு இன்னும் எளிமையான வழி. முறுக்கில்லாத நாடா ஒன்றின் ஒரு நுனியைப் பந்தில் ஒட்டி, சில அடி தூரத்தில் இருக்கும் களிமண்ணில் அடிக்க வேண்டியது. அப்புறம் நாடாவில் எத்தனை முறுக்கு விழுந்திருக்கிறது என்று எண்ண வேண்டியது. அவ்வளவுதான். ஒரு முழம் நாடாவை வைத்துக்கொண்டு கண்ணுக்குத் தெரியாத சுழற்சியை எண்ணிவிட்டார் மனுஷர். இதைப் படித்தபோது என் மேஜையில் இருந்த கருவிகளை எல்லாம் பார்க்கக் கொஞ்சம் கூச்சமாக இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை இந்தக் கணக்கை நானும் பைத்தானில் எழுதிப் பார்த்தேன். நாற்பது வரிகூட ஆகவில்லை. சுழற்சியைப் பூஜ்யமாக்கினால் பந்து கல்லெறிந்த மாதிரி வளைந்து சீக்கிரம் விழுகிறது. பின்சுழற்சியைக் கூட்டினால் தொடக்கத்தில் கிட்டத்தட்ட நேர்கோடு. இன்னும் கூட்டினால் அடிவானத்திலிருந்து மேல்நோக்கி லேசாக வளைந்துகூடப் போகிறது, கடைசியில்தான் சரிகிறது. டிவியில் பார்க்கும் கோல்ஃப் பந்தின் பாதை அச்சாக இதுதான். இந்தப் பாதைகளை டெய்ட் கையால் படிப்படியாகப் போட்டு வரைந்தார். சுழலும் கோளத்தின் பாதை பற்றிய அவருடைய பெரிய கட்டுரை 1893இலும் 1896இலும் இரண்டு பகுதியாக எடின்பரோ ராயல் சொசைட்டி வெளியீட்டில் வந்தது.

இங்கேதான் அந்தப் புகழ்பெற்ற கதை வருகிறது. கோல்ஃப் புத்தகங்களில் இப்படிச் சொல்வார்கள்: 190 கெஜத்துக்கு மேல் பந்தை அடிக்கவே முடியாது என்று பேராசிரியர் கணிதத்தால் நிரூபித்தாராம். 1893 ஜனவரி 11, தன்னுடைய 23ஆவது பிறந்தநாளன்று, செயின்ட் ஆண்ட்ரூஸின் 13ஆவது குழியில் மகன் ஓங்கி ஒரு அடி அடிக்க, பந்து 341 கெஜம் போய் நின்றதாம். அப்பாவின் கணக்கு அம்பேல்.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஏட்டுச் சுரைக்காய்க் கதைதான் எல்லா நாட்டிலும் உண்டே. ஆனால் தேதிகளை அடுக்கிப் பார்த்தால் கதை நிற்காது. சுழற்சி பந்தை என்ன செய்யும் என்று அப்பா 1887இலேயே எழுத ஆரம்பித்துவிட்டார். 190 கெஜம் என்பது சுழலாத பந்துக்கான கணக்கு. சுழலாத பந்து இவ்வளவுதான் போகும், நிஜப் பந்து அதைத் தாண்டுகிறது, ஆகவே சுழற்சி இருக்கிறது என்பதுதான் அவருடைய வாதமே. அப்புறம் அந்த 341 கெஜம். அதில் அந்தரத்தில் போனது சுமார் 250 கெஜம். மீதி, பனியில் உறைந்து கல்லாகிக் கிடந்த தரையில் உருண்டது. அந்த 250ஐயும் பின்சுழற்சி விளக்கிவிடும். மகன் அடித்த அடி அப்பாவின் கொள்கையை உடைக்கவில்லை, அதற்குச் சாட்சி சொன்னது.

இந்தத் திரிப்பு எனக்கு ஏன் உறுத்துகிறது என்றால், நிஜத்தில் இருந்தது அதைவிட அழகு. படிப்பில் சுமாரான மகன், ஐரோப்பாவே மதிக்கும் கணித மேதை அப்பா. அந்த வீட்டில் இருவருக்கும் பேச என்ன இருந்திருக்கும்? ஒரு களிமண் பாளம் இருந்தது. மகனுக்குத் தெரிந்ததை அப்பா அளந்தார், அப்பாவுக்குத் தேவையானதை மகன் அடித்துக் கொடுத்தார். இந்தச் சோதனைகளில் ஃப்ரெடியைப் பேராசிரியரின் கூட்டாளி என்றே சொல்லலாம். அதை விட்டுவிட்டு ஒருவரை ஒருவர் தோற்கடித்ததாகக் கதை கட்டிவிட்டார்கள்.

சரி, ஆட்டத்துக்கு வருவோம். 1896இல் சாண்ட்விச் மைதானத்தில் அமெச்சூர் சாம்பியன்ஷிப். வழியில் ஜான் பால், ஹொரேஸ் ஹட்ச்சின்சன் என்று முன்னாள் சாம்பியன்களைத் தாண்டி, இறுதியில் ஹரோல்ட் ஹில்ட்டனை எட்டுக்கு ஏழு என்று வென்றார். இன்னும் ஏழு குழி பாக்கி இருக்கும்போது எட்டுக் குழி முன்னிலை, ஆகவே மேற்கொண்டு ஆடத் தேவையில்லை என்று அர்த்தம். 1898இல் ஹொய்லேக்கில் மறுபடியும் சாம்பியன். தொழில்முறை ஆட்டக்காரர்களும் ஆடும் ஓபன் போட்டியில் 1896, 1897 இரண்டு வருஷமும் மூன்றாம் இடம். பட்டாளத்தில் சம்பளம் வாங்கிக்கொண்டு, லீவில் வந்து ஆடிய ஆள் ஹாரி வார்டன், ஜே.எச். டெய்லர் வரிசையில் முடித்திருக்கிறார். பையில் குழல் இசைக்கும் ஸ்காட்லாந்து வாத்தியத்தையும் நன்றாக வாசிப்பார். ஊர் ஜனங்களுக்கு அவர் செல்லப்பிள்ளை.

ஆனால் 'அமெச்சூர்' என்ற சொல்லை அப்படியே விட்டுவிட முடியாது. 1885இல் முதல் அமெச்சூர் போட்டி நடந்தபோது டக்ளஸ் ரோலண்ட் என்ற கல்தச்சர் பெயர் கொடுத்தார். முந்தின வருஷம் ஓபனில் இரண்டாவதாக வந்து பரிசுப் பணம் வாங்கிவிட்டார் என்று அவரைச் சேர்க்கவில்லை. ஜான் பாலும் 1878இல் சின்னப் பையனாக ஓபனில் ஆடி ஒரு சிறு தொகை வாங்கியவர்தான். அவரைச் சேர்த்துக்கொண்டார்கள். ஜான் பாலின் அப்பா ஹொய்லேக்கில் ஹோட்டல் நடத்தியவர், மைதானத்துப் பெரிய மனிதர்களுக்குத் தெரிந்தவர். கல்லுடைக்கிறவருக்குக் காசு வாங்கினால் தொழில், மற்றவருக்கு அது சிறுபிள்ளை விஷயம். ஃப்ரெடி காசு வாங்காமல் ஆடினார் என்பது உண்மை. வாங்காமல் இருக்க முடிந்தது என்பதும் உண்மை. இரண்டையும் சேர்த்தே எழுதிவைக்க வேண்டும்.

1899 பிரெஸ்ட்விக் இறுதிப் போட்டி பற்றி இன்றும் எழுதுகிறார்கள். எதிரே அதே ஜான் பால். ஃப்ரெடி ஒரு கட்டத்தில் ஐந்து குழி முன்னிலை. பால் விடாமல் பிடித்துக்கொண்டே வந்தார். பிற்பகலில் 17ஆவது குழியில், மணல் பள்ளத்தில் மழைத் தண்ணீர் தேங்கியிருக்க, ஃப்ரெடியின் பந்து அதில் மிதந்தது. தண்ணீருக்குள் இறங்கி நின்று, மிதக்கும் பந்தை அடித்து வெளியே கொண்டுவந்தார். அடுத்து பால், ஈர மணலில் பதிந்து கிடந்த தன் பந்தை அதே அளவு சாமர்த்தியமாக எடுத்தார். 36 குழி முடிந்தபோது சமநிலை. 37ஆவதில் பால் ஜெயித்தார்.

அது மே மாதம். அக்டோபரில் தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தம் தொடங்கியது. தங்கச் சுரங்கத்துக்கும் பேரரசின் கௌரவத்துக்குமான சண்டை என்பதற்கு மேல் அதற்கு நியாயம் சொல்ல எனக்குத் தெரியவில்லை. பிளாக் வாட்ச்சின் இரண்டாம் பட்டாலியன் கப்பலேறியது. பட்டாளத்தில் சேர்ந்து ஒன்பது வருஷம் கழித்து, ஃப்ரெடி முதல்முறையாகத் தன் தொழிலைச் செய்யப் போனார். ஜான் பாலும் பிறகு குதிரைப் படையில் தொண்டராகச் சேர்ந்து அதே யுத்தத்துக்குப் போனார். அவர் திரும்பி வந்தார்.

1899 டிசம்பர் 11, மாகர்ஸ்ஃபொன்டெய்ன். எங்கள் ஊர்க் கோட்டையைப் பார்த்து வளர்ந்தவனுக்கு இந்தச் சண்டை உடனே புரியும். மலை என்று ஒன்று இருந்தால் அதன் உச்சியில் உட்காருவதுதான் பழைய போர்முறை. மேலே இருப்பவனுக்குப் பார்வை, கீழே இருப்பவனுக்கு மூச்சிரைப்பு. ஃபிளின்ட் காலத்தில் அது செல்லுபடியானது. பிரிட்டிஷாரும் போயர்கள் மலைமேல்தான் இருப்பார்கள் என்று எண்ணி, முந்தின நாள் முழுக்க மலையைப் பீரங்கியால் அடித்துக்கொண்டிருந்தார்கள். டி லா ரேய் என்ற போயர் தளபதி ஆட்களை மலை அடிவாரத்தில், சமதரையில் பதுங்குகுழி வெட்டி இறக்கியிருந்தார். காரணம் மவுசர் துப்பாக்கி. அதன் குண்டு வேகமானது, பாதை தட்டையானது. உச்சியிலிருந்து கீழ்நோக்கிச் சுட்டால் குண்டு ஒரு புள்ளியில் தரையில் குத்தி முடிந்துவிடும். தரைமட்டத்திலிருந்து சுட்டால் நூற்றுக்கணக்கான கெஜத்துக்கு ஆள் உயரத்துக்குள்ளேயே பறந்துகொண்டிருக்கும். ஒருவரைத் தப்பினால் பின்னால் வருகிறவர். புகையில்லாத மருந்து, எங்கிருந்து வருகிறது என்றும் தெரியாது.

ராத்திரி மழையில் நெருக்கமான அணியாக நடந்து வந்த ஹைலாண்ட் படைப்பிரிவு, விடியும் நேரத்தில் பிரிந்து பரவுவதற்குள் இதில் மாட்டியது. தளபதி வாச்சோப் அங்கேயே செத்தார். உயிரோடிருந்தவர்கள் பகல் முழுக்கத் திறந்தவெளியில் குப்புறப் படுத்துக் கிடந்தார்கள். தென்னாப்பிரிக்க டிசம்பர், உச்சி வெயில், கில்ட் பாவாடை. முழங்காலின் பின்பக்கம் கொப்பளித்துப் போனது. அந்தப் படைப்பிரிவில் மட்டும் செத்தவர், காயம்பட்டவர், காணாமல் போனவர் 700 பேருக்கு மேல். ஃப்ரெடிக்குக் காலில் குண்டு பாய்ந்தது. ஒரு பொருளின் பாதை எப்படி வளையும் என்பதற்காக அப்பாவோடு சேர்ந்து பந்தடித்தவரை, வளையாத பாதை ஒன்று தட்டியது.

சில வாரங்களில் குணமாகிப் பட்டாலியனுக்குத் திரும்பினார்.

இதே வாரங்களில், அதே யுத்தத்தின் இன்னொரு மூலையில் நம் ஆட்களும் இருந்தார்கள். நேட்டாலில் காந்தி திரட்டிய இந்திய ஆம்புலன்ஸ் படை, சுமார் 1,100 பேர். அதில் பெரும்பகுதி கரும்புத் தோட்டத்து ஒப்பந்தக் கூலிகள். நேட்டாலுக்கு அப்படிக் கப்பலேறியவர்களில் வட ஆற்காடு, தென் ஆற்காடு ஆட்கள் நிறைய. தியாகதுருகம் அன்றைக்குத் தென் ஆற்காடு மாவட்டம். ஜனவரி கடைசியில் ஸ்பியன் காப் மலையில் அடிபட்டவர்களை டோலியில் வைத்து மைல்கணக்கில் தூக்கிச் சென்றார்கள். டெய்ட்டுக்கு அவர் செத்த வருஷமே நண்பர் ஜான் லோ ஒரு வாழ்க்கை வரலாறு போட்டுவிட்டார், அதனால்தான் நான் இவ்வளவு எழுத முடிகிறது. டோலி தூக்கியவர்களில் தலைவர்களாக இருந்தவர்களுக்குப் பதக்கம் கிடைத்தது. கூலிகளுக்குத் தலைக்கு ஒரு வரி கிடைத்திருந்தால், எங்கள் வட்டாரத்துப் பெயர் ஒன்றாவது அதில் இருக்குமா என்று தேடலாம்.

1900 பிப்ரவரி தொடக்கத்தில் ராபர்ட்ஸ் பிரபு கிம்பர்லியை மீட்கப் பெரும் படையைத் தயார் செய்துகொண்டிருந்தார். போயர்களின் கவனத்தை வேறு பக்கம் இழுக்க வேண்டும். ஹைலாண்ட் படைப்பிரிவை மேற்கே கூடூஸ்பெர்க் குன்றுக்கு அனுப்பினார்கள். புதுத் தளபதி ஹெக்டர் மெக்டொனால்ட், சாதாரண சிப்பாயாகச் சேர்ந்து ஜெனரல் வரை வந்தவர், அன்றைக்கு அபூர்வம். போயர்கள் நம்ப வேண்டும் என்பதற்காக நடத்திய போக்குக்காட்டல்தான். அதில் பிப்ரவரி 7ஆம் தேதி, தன் ஆட்களை முன்னால் நடத்திக்கொண்டு போகும்போது ஃப்ரெடி சுடப்பட்டுச் செத்தார். எட்டு நாள் கழித்துக் கிம்பர்லி முற்றுகை முடிந்தது.

தென்னாப்பிரிக்க ஓபனில் இன்றைக்கும் சிறந்த அமெச்சூருக்குக் கொடுக்கும் கோப்பைக்கு ஃப்ரெடி டெய்ட் பெயர்தான். ஆக்கிரமிக்கப் போன படையின் அதிகாரி பெயர் அந்த மண்ணின் கோப்பையில். விளையாட்டு வரலாறு இப்படித்தான் பாதியை மறந்துவிட்டுப் பாதியை வைத்துக்கொள்ளும்.

அவர் அடித்த கட்டபார்ச்சா பந்தும் அவரோடு போனது என்றே சொல்லலாம். ரப்பர் நூல் சுற்றிய ஹாஸ்கெல் பந்து அமெரிக்காவிலிருந்து வந்தது, 1902 ஓபனை சாண்டி ஹெர்ட் அதை வைத்து ஜெயித்தார். பந்தின் எடையும் துள்ளலும் மாறின. பின்சுழற்சிக் கணக்கு மட்டும் மாறவில்லை, இன்றைய பந்தின் குழிகளை வடிவமைக்கிறவர்களுக்கும் அதுதான் அடிப்படை.

டெய்ட்டின் மூத்த மகன் ஜான் கத்ரி டெய்ட் எங்கே இருந்தார் தெரியுமா? பெங்களூர் சென்ட்ரல் காலேஜில். அங்கே பேராசிரியராக இருந்து பின்னால் முதல்வர் ஆனவர். ராஜாஜி 1894இல் பட்டம் வாங்கிய கல்லூரி. அன்றைக்கு அது சென்னைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது. அந்த அண்ணன் ஸ்காட்லாந்துக்காக ரக்பி ஆடியவர், வால்டர் ஸ்காட்டின் நாட்குறிப்பைப் பதிப்பித்தவர். அவர் பற்றித் தனியாக ஒரு பதிவு எழுத வேண்டும், குறிப்புகள் சேர்த்துக்கொண்டிருக்கிறேன்.

அப்பா அதற்குப் பிறகு தேறவில்லை. நாற்பது வருஷமாக, 1860 முதல், இருந்த பேராசிரியர் பதவியை விட்டார். 1901 ஜூலை 4ஆம் தேதி இறந்தார். அதற்கு இரண்டு நாள் முன்னால் ஒரு தாளை வாங்கிக் கொஞ்சம் கணக்கு எழுதினார். கோல்ஃப் பற்றியது இல்லை. குவாட்டர்னியன். எடின்பரோ ராயல் சொசைட்டி அந்தத் தாளை அவர் கையெழுத்திலேயே அச்சிட்டிருக்கிறது.